தாமிரபரணிக் கரைக்குப் போகிறவர்களுக்கு: பட்டா வேலையைச் சேர்த்துக்கொள்ளாதீர்கள்

பொதிகையில் பிறந்து புன்னைக்காயலில் கடலைச் சேரும்வரை தாமிரபரணி ஓடுவது சுமார் 128 கிலோமீட்டர்தான். கார் இருந்தால் ஒரே நாளில் மேலிருந்து கீழே வந்துவிடலாம். வெளிநாட்டிலிருந்து போகிற நம் ஆட்கள் அப்படித்தான் திட்டம் போடுகிறார்கள். காலையில் பாபநாசத்தில் குளியல், மத்தியானம் திருநெல்வேலியில் சாப்பாடு, கையில் அல்வா, சாயங்காலம் திருச்செந்தூர். கடைசியில் “அப்படியே அந்தப் பட்டா வேலையையும் முடித்துவிடலாம்” என்று ஒரு வரி. அந்த வரியை முதலில் அடித்துவிடுங்கள். இல்லையென்றால் மேலே உள்ள எல்லாவற்றையும் அடிக்க வேண்டிவரும்.

தை, மாசியில் போங்கள். இந்த ஆற்றுக்குத் தென்மேற்குப் பருவமழையும் உண்டு, வடகிழக்கும் உண்டு. அதனால்தான் ஆனியில் தொடங்கும் கார் சாகுபடி, ஐப்பசிக்கு மேல் பிசானம் என்று இரண்டு போகம். தையில் மழை விட்டிருக்கும், ஆறு தெளிந்திருக்கும், பிசான நெல் கதிர் பிடித்து நிற்கும். அம்பாசமுத்திரத்திலிருந்து சேரன்மகாதேவி வரை சாலையின் இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டே வரலாம். தூங்கிக்கொண்டு வந்தால் உங்கள் நஷ்டம்.

பாபநாசத்தில் குளிக்கும்போது காலில் துணி சுற்றும், பயப்படாதீர்கள். பரிகாரம் என்று கட்டிய வேட்டி சேலையை ஆற்றிலேயே விட்டுவிட்டுப் போகிறார்கள். அதை வாரி எடுப்பதற்கே ஆட்கள் இறங்க வேண்டியிருக்கிறது. உங்கள் வீட்டுப் பெரியவர்கள் அப்படிச் செய்யச் சொன்னால் மறுத்துவிடுங்கள். எந்தப் பாவமும் வந்து சேராது. மேலே காரையாறு அணை, சொரிமுத்து அய்யனார் கோயில் எல்லாம் களக்காடு முண்டந்துறை புலிகள் காப்பகத்துக்குள் இருக்கின்றன. 1988இல் வந்த காப்பகம். அணைக்குள் படகில் ஏறிப் பாணதீர்த்தம் அருவிக்குப் போன ஞாபகத்தில் பிள்ளைகளுக்கு ஆசை காட்டிவிடாதீர்கள். இப்போது நினைத்தபடி போக முடியாது. சோதனைச் சாவடியில் என்ன சொல்கிறார்களோ அதுதான்.

சரி, பட்டாவுக்கு வருகிறேன்.

எங்கள் வயல் கன்னடியன் கால்வாய்ப் பாசனத்தில், ஒரு பக்கம் ஆற்றை ஒட்டி இருக்கிறது. இந்த ஆற்றில் எட்டு அணைக்கட்டுகள். கோடைமேலழகியானில் தொடங்கி ஸ்ரீவைகுண்டத்தில் முடியும். ஸ்ரீவைகுண்டம் மட்டும்தான் வெள்ளைக்காரன் காலத்தது, மற்ற ஏழும் அதற்கு முந்தியவை. ஒவ்வொன்றிலிருந்தும் பிரியும் கால்வாய், கால்வாயில் மடை, மடையில் யாருக்கு எப்போது தண்ணீர் என்பதெல்லாம் தலைமுறை தலைமுறையாக வந்த ஏற்பாடு. எங்கள் பழைய பத்திரத்தில் ஏக்கர், செண்டு எதுவும் கிடையாது. இத்தனை மரக்கால் விதைப்பாடு (அத்தனை மரக்கால் நெல் விதைக்கிற அளவு நிலம்), வடக்கே ஆறு, தெற்கே கால்வாய், அவ்வளவுதான். எழுதினவருக்கு அது போதுமாக இருந்திருக்கிறது.

எந்தத் தாலுகா அலுவலகம் என்று சொல்லப்போவதில்லை, சித்தப்பா அங்கேதான் குடியிருக்க வேண்டும். பட்டா தாத்தா பேரில் இருந்தது. அப்பா பேருக்கே மாற்றாத பட்டா. இ-சேவை மையத்தில் மனுவைப் பதிந்தோம். வாரிசுச் சான்றிதழ் கேட்டார்கள், கொடுத்தோம். தாத்தாவின் இறப்புச் சான்றிதழ் கேட்டார்கள். அவர் இறந்த காலத்தில் எங்கள் ஊரில் அதையெல்லாம் யார் பதிந்தார்கள்? வில்லங்கச் சான்று எடுத்தால் சர்வே எண்ணில் உட்பிரிவு ஒத்துவரவில்லை. கிராம நிர்வாக அலுவலரைப் பார்க்கப் போனால் அவருக்கு இரண்டு கிராமம் பொறுப்பு, நாங்கள் இந்த ஊரில் நின்றால் அவர் அந்த ஊரில் இருப்பார். தாலுகா அலுவலகத்தில் “சர்வர் டவுன் சார்” என்று ஒருவர் சொன்னார். அவருடைய மேசையில் கம்ப்யூட்டரே இல்லை.

ஒருவழியாக சர்வேயர் வந்தார். நல்ல மனுஷன். புலப்படத்தை விரித்து வைத்துக்கொண்டு “வடகிழக்கு மூலைக் கல்லைக் காட்டுங்க” என்றார். கல் இருந்த மூலையே இல்லை. 2023 டிசம்பர் 17, 18இல் பெய்த மழையில் (காயல்பட்டினத்தில் மட்டும் ஒரே நாளில் சுமார் 95 சென்டிமீட்டர்) ஆறு கரையைத் தின்றுகொண்டு போய்விட்டது. கல்லைத் தேடிக் கீழே இறங்கினோம். தண்ணீருக்குள் சாய்ந்து கிடந்தது, அம்புக்குறி மேல்பக்கமாக. அதன்மேல் ஒரு பெரியவர் காலைத் தூக்கி வைத்து முழங்காலுக்குச் சோப்பு போட்டுக்கொண்டிருந்தார். சர்வேயர் அவரை நகரச் சொல்லிக் கல்லை போட்டோ எடுத்தார். அந்த போட்டோவை எந்தக் கோப்பில் சேர்ப்பது என்று அவருக்கே தெரியவில்லை. காகிதத்தில் உள்ள பரப்பும் தரையில் உள்ள பரப்பும் ஒத்துவரும்வரை உட்பிரிவு செய்ய முடியாது, மனு நிலுவையில்.

ஜமாபந்திக்கு வாங்க என்றார்கள். தாலுகாவில் வருஷத்துக்கு ஒருமுறை கிராம நிலக் கணக்கைச் சரிபார்த்து மனு வாங்குகிற நாட்கள் அவை, மே, ஜூனில் நடக்கும். வெயில் கொளுத்தும், ஆற்றில் தண்ணீர் குறைந்திருக்கும். ஆறு பார்க்கிற மாதமும் அலுவலகம் பார்க்கிற மாதமும் ஒன்றாக வராது.

இதற்கு நடுவில் சித்தப்பா. “நீ வந்து நாத்து நடவாடே போற? எம்பேர்ல எழுதிக் குடுத்துட்டுப் போயேன்.” சாப்பாட்டு இலைக்கு முன்னால் கேட்டார். கோபம் வந்தது, பதில் வரவில்லை. மடை திறப்பதற்கு ராத்திரி எழுந்து போனவர் அவர். வெள்ளத்துக்கு அப்புறம் வயலில் ஏறிய மணலைச் சொந்தச் செலவில் வாரிப்போட்டவர் அவர். அப்பாவின் பதினாறாம் நாள் காரியத்தில் நான் செல்போன் திரையில் இருந்தேன், எள்ளும் தண்ணீரும் இறைத்தது அவர் கை. உறவுக்காரர்கள் சொத்து கேட்டால் எப்படிச் சமாளிப்பது என்று எல்லாரும் அறிவுரை சொல்வார்கள். நான் சொல்வது ஒன்றுதான்: கேட்கிறவர் இத்தனை வருஷம் அங்கே என்ன செய்தார் என்று யாரிடமாவது விசாரித்துவிட்டு அப்புறம் கோபப்படுங்கள்.

அலுவலகத்துக்கு அலைந்ததில் பாதி ஆற்றைத்தான் பார்க்க முடிந்தது. நீங்களாவது திருப்புடைமருதூரில் ஒரு மணி நேரம் உட்காருங்கள். நாறும்பூநாதர் கோயிலைச் சுற்றியுள்ள மரங்களில் நாரைகள் கூடு கட்டும். ஊர்க்காரர்கள் அதுகளை விரட்டுவதில்லை. 2005இல் நாட்டிலேயே முதல் பாதுகாப்புக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது இந்தச் சின்ன ஊர்தான். குடை எடுத்துப் போங்கள், மழைக்கு இல்லை.

திருநெல்வேலியில் சுலோசன முதலியார் பாலத்தை நடந்தே கடந்து பாருங்கள். 1843இல் திறந்தது. கலெக்டர் கச்சேரியில் சிரஸ்தாராக (தலைமை எழுத்தராக) இருந்தவர் தன் கைக்காசைப் போட்டுக் கட்டியது. வருவாய்த் துறை ஊழியர்! நான் பாலத்தின் நடுவில் நின்று சிரித்துவிட்டேன். ஆனால் பக்கத்திலேயே கொக்கிரகுளம். 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக மனு கொடுக்க ஊர்வலமாக வந்தவர்கள்மீது போலீஸ் தடியடி நடத்தியதில் 17 பேர் இந்த ஆற்றில் இறந்தார்கள். ஒரு சின்னக் குழந்தையும் அதில் உண்டு. அந்தக் கரையில் நிற்கும்போது என் நிலுவை மனுவைப் பற்றிப் பேச வாய் வரவில்லை.

ஆதிச்சநல்லூருக்கு மத்தியான வெயிலில் போகாதீர்கள், செம்மண் மேடு, நிழல் குறைவு. 1876இல் யாகோர் என்ற ஜெர்மானியர் தோண்டத் தொடங்கிய இடம். இப்போது இறந்தவர்களை வைத்துப் புதைத்த முதுமக்கள் தாழிகளைக் குழியிலேயே விட்டு மேலே கண்ணாடி பதித்திருக்கிறார்கள், பிள்ளைகளுக்குப் பிடிக்கும். பக்கத்துச் சிவகளையில் ஒரு தாழிக்குள் கிடைத்த நெல்லுக்கு 3,200 வருஷம் வயது என்று ஆய்வில் வந்தது. கொற்கையில் முத்துத் துறைமுகத்தைத் தேடினால் கிடைக்காது. ஆறு கொண்டுவந்த வண்டலில் கடல் சில கிலோமீட்டர் தள்ளிப் போய்விட்டது, இன்று வாழைத் தோப்புதான். பாண்டியன் துறைமுகத்துக்கே எல்லை மாறிப்போன ஊரில் எங்கள் மூலைக் கல்லைக் கேட்கிறார்கள்.

உங்களுக்குப் பதிலாக வேலையைப் பார்க்க ஒருவருக்குப் பவர் எழுதிக் கொடுப்பதாக இருந்தால் நீங்கள் இருக்கும் ஊரின் இந்தியத் தூதரகத்தில் அதிகாரி முன் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். பத்திரம் இந்தியாவுக்கு வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் பதிவுத் துறையில் முத்திரைத் தீர்வை கட்டிவிட வேண்டும், தள்ளிப்போட்டால் சிக்கல். நான் சித்தப்பா பேருக்கே அனுப்பிவிட்டேன், பட்டா வேலைக்கு மட்டும். போனில் கேட்டால் சர்வேயர் மாற்றலாகிப் போய்விட்டார் என்கிறார், புது ஆள் இன்னும் வரவில்லையாம்.