பதிவேடு தொலைந்த கழகத்தின் வரலாற்றைத் தொகுக்கும் முறை

வன்னியில் ஒரு விளையாட்டுக் கழகத்தின் வரலாற்றை எழுத வெளிக்கிட்டால், கூட்ட அறிக்கைக் கொப்பியைத் தேடி மாதக்கணக்கில் அலைய வேண்டாம். பெரும்பாலான கழகங்களின் கொப்பிகளும் கிண்ணங்களும் போர் முடிந்த 2009இற்குள் போய்விட்டன. மிஞ்சியவை ஆட்களின் ஞாபகம், வெளிநாட்டில் இருக்கும் பழைய வீரர்களின் அல்பங்கள், பத்திரிகைகள். இவற்றைக் கொண்டே ஒழுங்கான வரலாறு எழுதலாம்.

முதலில் ஒரு பிறிஸ்டல் போட்டில் காலக்கோடு கீறுங்கள். 1995 ஒக்டோபர் வலிகாம இடப்பெயர்வு, 1996 கிளிநொச்சி இடப்பெயர்வு, 1997 மே ஜெயசிக்குறு இராணுவ நடவடிக்கை, 2002 பெப்ரவரி போர்நிறுத்த ஒப்பந்தம், 2004 டிசம்பர் சுனாமி ஆகியவற்றைக் குறியுங்கள். உங்கள் ஊர் இடம்பெயர்ந்த நாளையும் திரும்பிக் குடியேறிய நாளையும் சேருங்கள். "எந்த வருசம் வென்றீங்கள்?" என்று கேட்டால் ஆளுக்கொரு வருடம் வரும். "அந்த மட்ச் நடக்கேக்க எங்க இருந்தீங்கள்?" என்று கேளுங்கள். இருந்த இடத்தை அநேகமாக யாரும் பிழையாகச் சொல்வதில்லை.

ஒவ்வொருவரையும் முதலில் தனியாகவே சந்தியுங்கள். கூட்டமாக இருத்தினால் குரல் பெரிய ஒருவரின் கதையே எல்லாருடைய கதையும் ஆகிவிடும். கொப்பியில் ஒவ்வொரு தகவலுக்குப் பக்கத்திலும் யார் சொன்னது, என்று சொன்னது என்று எழுதுங்கள். இரண்டு பேர் தனித்தனியே சொன்னால் தகவலாக எழுதலாம். ஒருவர் மட்டும் சொன்னால் அவர் பெயரோடு எழுதுங்கள்.

அணிப் படம் கிடைத்தால் பின்வரிசையில் இடப்பக்கமிருந்து பெயர்களைக் கேளுங்கள். பட்டப்பெயரையும் குறியுங்கள், பலரை ஊர் அந்தப் பெயரில்தான் அறியும். படத்தின் பின்புறம் போல்பொயின்ற் பேனையால் எழுதினால் அழுத்தம் முன்பக்கம் தெரியும். மென்மையான பென்சில் போதும். நனைந்து கண்ணாடியில் ஒட்டிய படத்தை ஒருபோதும் உரிக்க வேண்டாம், முகங்கள் கண்ணாடியோடு போய்விடும். நிழலில் வைத்து, பிளாஷ் இல்லாமல், கண்ணாடிக்கு மேலாகவே படமெடுங்கள். சிறிய படங்களை 600 டிபிஐயில் ஸ்கான் செய்யுங்கள்.

பெறுபேறுகளைப் பழைய விதியோடு வாசிக்க வேண்டும். கரப்பந்தாட்டத்தில் 15–12 என்று முடிந்த செற் பிழையல்ல. 25 புள்ளி முறையைச் சர்வதேச சம்மேளனம் ஏற்றது 1998இல்தான், ஊர் மைதானத்துக்கு அது வர இன்னும் காலமெடுத்திருக்கும். ஆகவே திகதியில்லாத ஒரு துண்டில் செற்கள் 25இல் முடிந்திருந்தால் அது 1998இற்குப் பிந்தியது. ஊரில் ஆடும் கரப்பந்தாட்ட வகைகளில் அது ஓவர்கேமா செற்றப்பா என்பதையும் கேட்டு எழுதுங்கள். அயர்லாந்தில் ஹேர்லிங், கேலிக் உதைபந்தாட்டக் கழகங்களின் வரலாற்றை எழுதுவோருக்கும் இதே சிக்கல் உண்டு: அங்கே 1892 முதல் ஒரு கோலுக்கு ஐந்து புள்ளி, 1896 முதல் மூன்று.

"1975இல் கிளிநொச்சி மாவட்டச் சம்பியன்" என்று யாராவது சொன்னால் நின்று யோசியுங்கள். கிளிநொச்சி தனி மாவட்டமானது 1984இல், முல்லைத்தீவு 1978இல். 1984இற்கு முந்திய கிளிநொச்சிக் கழகங்களின் செய்தியை யாழ்ப்பாண மாவட்டச் செய்திகளில் தேட வேண்டும். ‘நூலகம்’ (noolaham.org) என்ற இணையத்தளத்தில் பழைய ஈழத்துப் பத்திரிகைகள் உண்டு. அவை பக்கப் படங்களாக இருப்பதால் ஊர்ப் பெயரைத் தட்டித் தேடினால் அநேகமாக அகப்படாது. மாதத்தை முதலில் உறுதிசெய்துவிட்டு விளையாட்டுப் பக்கங்களை ஒவ்வொன்றாகப் புரட்டுங்கள். காலபோக நெல் வெட்டுக்கு முதலா பிறகா என்று கேட்டால் மாதம் ஓரளவு பிடிபடும்.

மிகக் கவனமாகச் செய்ய வேண்டியது இறந்தவர்களின் பட்டியல். காணாமல் ஆக்கப்பட்ட ஒரு வீரரின் பெயரை "அமரர்" என்று போட்டுவிட்டால், இன்றும் தேடிக்கொண்டிருக்கும் தாய்க்கு அது தாங்க முடியாத அடி. அவர்களுக்குத் தனிப் பக்கம் வையுங்கள், தலைப்பை அந்தக் குடும்பங்களிடமே கேளுங்கள். ஒருவர் எப்படி இறந்தார் என்பதைக் குடும்பம் சம்மதித்த அளவுக்கு மட்டும் எழுதுங்கள். சம்மதமில்லையென்றால் அவர் எந்த இடத்தில் விளையாடினார், எந்தக் காலில் பந்தடித்தார் என்று எழுதுங்கள். அதை அவரோடு விளையாடியவர்கள் நிச்சயம் சொல்வார்கள்.

அச்சுக்குக் கொடுக்க முதல் ஐந்து பிரதி எடுத்து, வலப்பக்கம் மூன்று விரல் அகலத்துக்கு ஓரம் விட்டு, சனசமூக நிலையத்தில் ஒரு மாதம் பென்சிலோடு வையுங்கள். திருத்துபவர் தன் பெயரையும் எழுத வேண்டும். வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு அதே பிரதியை வட்ஸ்அப்பில் அனுப்பி, அதே கடைசித் திகதியைக் கொடுங்கள்.