ஆட்களைத் தேடும் முன் இடத்தைக் கவனியுங்கள்

கேள்வி கேட்காமல், பின்னணிக் குரல் சேர்க்காமல், நடப்பதை நடக்கிறபடியே பதிவுசெய்யும் ஆவணப்படம் எடுக்க விரும்புகிறவர்களுக்கு ஒரு குறிப்பு. ஓர் இடத்துக்குப் போனதும் சுவாரசியமான முகங்களைத் தேடி அலையாதீர்கள். மக்கள் எங்கே காத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். வரிசை, வாசற்படி, கவுன்ட்டர் ஓரம் என எதுவாகவும் இருக்கலாம். யார் சொல் அங்கே செல்லும், யார் தயங்கி நிற்கிறார்கள் என்பதெல்லாம் அங்கேதான் வெளிப்படும்.

கேமராவை அங்கே நிறுத்துங்கள். செயல் முடிந்த பிறகும் குறைந்தது 10 விநாடி ஓடவிடுங்கள். உதாரணமாக, கவுன்ட்டரில் படிவத்தைத் திரும்ப வாங்கியவர் உடனே நகர்ந்துவிட மாட்டார். அதை மடிப்பார், மறுபடி விரித்துப் பார்ப்பார், பக்கத்தில் நிற்பவரிடம் ஏதோ கேட்க வாயெடுத்து, கேட்காமலே போய்விடுவார். என்னைப் பொறுத்தவரை இந்த விநாடிகள்தான் படம். அவசரமாக நிறுத்துகிறவர்களுக்கு இவை கிடைப்பதில்லை.

ஒலியிலும் அதே அக்கறை வேண்டும். இத்தகைய ஆவணப்படங்களை எடுத்த அமெரிக்க இயக்குநர் பிரெடரிக் வைஸ்மன் கேமராவை ஒளிப்பதிவாளரிடம் கொடுத்துவிட்டு, ஒலிப்பதிவைத் தானே செய்தவர். கிளம்பும் முன், யாரும் பேசாத நேரமாகப் பார்த்து, அந்த இடத்தின் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதிவுசெய்யுங்கள். எடிட்டிங்கில் இரண்டு ஷாட்டுகளை இணைக்கும்போது பின்னணி ஒலி திடீரென்று மாறாமல் இருக்க இது உதவும்.

அனுமதியை முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். பிறகும் யாராவது வேண்டாம் என்று கையசைத்தால், உடனே கேமராவை இறக்கிவிடுங்கள்.