மந்திர அரணுக்குள் மழை பெய்யுமா? மிகுபுனைவு எழுதுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மிகுபுனைவு, அதாவது மாயமந்திரக் கற்பனைக் கதை, எழுதத் தொடங்குபவர்களின் வரைவுகளில் மந்திர அரண் ஒன்று தவறாமல் வந்துவிடுகிறது. நகரத்தின் மேல் ஒளிக்கவிகை, வெளியே முற்றுகை, உள்ளே மந்திரம் ஓதிக் களைத்த முதியவர். காட்சி நல்ல காட்சிதான். ஆனால் எல்லோருடைய அரணும் ஒரே இடங்களில் ஓட்டையாகிறது. பெயர்க் குழப்பம், கால மயக்கம் போன்றவை திருத்தும்போது தாமே கண்ணில் படும். கதையையே கவிழ்ப்பவற்றை மட்டும் சொல்கிறேன். கணக்குக்கு எளிதாக, அரண் 1 கிலோமீட்டர் ஆரமுள்ள அரைக்கோளம் என்றும், உள்ளே 10,000 பேர் என்றும் வைத்துக்கொள்வோம்.

எது கடக்கும், எது கடக்காது என்று முடிவு செய்யாமல் எழுதுவது

இதுதான் பெரிய தவறு. ஒவ்வொரு முறை பார்க்கும்போதும் எரிச்சல் வருகிறது, ஏனென்றால் அரைப் பக்கக் குறிப்பு எழுதியிருந்தால் தவிர்த்திருக்கலாம். மூன்றாம் அத்தியாயத்தில் அம்பு அரணில் பட்டுத் தெறிக்கிறது. ஐந்தாம் அத்தியாயத்தில் நாயகி உள்ளே மழையில் நனைகிறாள். ஏழில் தூதுப் புறா மாடத்தில் வந்து இறங்குகிறது. அம்பைத் தடுத்தது புறாவை ஏன் விட்டது? பதில் இல்லை. அந்தக் கணத்தில் வாசகர் முற்றுகையை நம்புவதை விட்டுவிடுகிறார்.

‘எல்லாவற்றையும் தடுக்கும்’ என்று சொல்லித் தப்பவும் முடியாது. 50 மில்லிமீட்டர் மழை ஒன்று பெய்யட்டும். சதுர மீட்டருக்கு 50 லிட்டர் வீதம், அரண் மூடிய 3.14 சதுர கிலோமீட்டரில் விழ வேண்டிய நீர் ஏறத்தாழ 15.7 கோடி லிட்டர். அத்தனையும் கவிகையில் வழிந்து விளிம்பில் இறங்கும். விளிம்பின் நீளம் 6.28 கிலோமீட்டர். மீட்டருக்கு 25,000 லிட்டர்! உள்ளே கிணறு வற்றும், வெளியே எதிரியின் கூடாரம் மிதக்கும்.

அடி விழ விழ அரண் வலுவிழக்கும் என்பது உங்கள் விதியானால் நிலைமை இன்னும் மோசம். 100 கிலோ பாறை வினாடிக்கு 50 மீட்டர் வேகத்தில் வந்து மோதினால் 1,25,000 ஜூல். அதே வேகத்தில் வரும் 60 கிராம் அம்புக்கு 75 ஜூல்தான். பெருமழைத் துளிகள் வினாடிக்குச் சுமார் 7 மீட்டர் வேகத்தில் விழுகின்றன. மேலே சொன்ன மழையின் மொத்த ஆற்றல் அப்படிப்பட்ட பாறைகள் ஏறத்தாழ 30,000-க்குச் சமம். எதிரி கவண் எந்திரம் கொண்டுவரத் தேவையே இல்லை, மழைக்காலம் வரும்வரை காத்திருந்தால் போதும்.

சரி, என்ன செய்யலாம்? ஒரே ஒரு விதி எழுதுங்கள், அதன் விளைவுகளைக் கடைசிவரை பின்தொடருங்கள். எடுத்துக்காட்டாக, வினாடிக்கு 10 மீட்டருக்கு மேல் வேகமுள்ள எதுவும் கடக்காது, ஒளியும் ஒலியும் மட்டும் விலக்கு என்று வையுங்கள். மழை உள்ளே வரும். இளங்காற்று வரும், புயல் நிற்கும். அம்பு நிற்கும். நாலுகால் பாய்ச்சலில் வரும் குதிரை வினாடிக்கு 10 மீட்டரைத் தாண்டிவிடும், ஆகவே அது மோதிச் சாகும். ஆனால் காலாட்படை நடந்தே உள்ளே வந்துவிடும்! அப்போதுதான் மதிலும் வாயிற்காவலும் ஏன் தேவை என்பது கதையிலேயே விளங்கும். தூதுப் புறா வினாடிக்கு 20 மீட்டர் வேகத்தில்கூடப் பறக்கக்கூடியது. பழக்கப்படாத புறாக்கள் விளிம்பில் செத்துக் கிடக்கும், மெதுவாகப் பறக்கப் பழக்கிய புறாவுக்குத் தனி மதிப்பு வரும்.

விதி இரு பக்கமும் செல்லுமா என்பதையும் அப்போதே முடிவு செய்யுங்கள். 5 மீட்டர் உயரத்திலிருந்து போட்ட கல் தரையைத் தொடும்போது வினாடிக்கு 10 மீட்டரை எட்டுகிறது. மதிலுக்கு வெளியே தரையை ஒட்டி அரண் நின்றால், காவலர்கள் எதிரியின் தலையில் போடும் கல்லைக்கூட அது தடுத்துவிடலாம்.

மூச்சு முட்டிச் சாவார்கள் என்று எழுதுவது

மாட்டார்கள். கவிகைக்குள் 209 கோடி கன மீட்டர் காற்று இருக்கிறது. ஓர் ஆளுக்கு நாளொன்றுக்குச் சுமார் 550 லிட்டர் ஆக்சிஜன், ஆக 10,000 பேருக்கு 5,500 கன மீட்டர். மனிதர் மூச்சு மட்டும் என்றால் கரியமில வாயு 1 சதவீதத்தை எட்டவே 12 ஆண்டுக்கு மேல் ஆகும். அடுப்புகளைச் சேர்த்தால் இது வெகுவாகக் குறையும், ஆனாலும் நாள் கணக்கில் வராது. புகைதான் முதலில் தொல்லை தரும்.

சோறு அப்படியில்லை. ஆளுக்கு அரைக் கிலோ தானியம் என்றால் நாளுக்கு 5 டன். உள்ளிருக்கும் 314 ஹெக்டேரையும் வீடு வாசல் இல்லாமல் வயலாக்கி, ஹெக்டேருக்கு 2 டன் விளைந்தாலும் ஒரு போகம் 628 டன்தான். நான்கு மாதம் தாங்கும். பஞ்சத்தை எழுதுங்கள், மூச்சுத்திணறலை விடுங்கள்.

தரைக்குக் கீழே மறந்துவிடுவது

அரைக்கோளம் தரையோடு நின்றால் சுரங்கம் தோண்டி வரலாம். முழுக்கோளமாக்கினால், அது நீரையும் தடுக்கும் பட்சத்தில், வெளியிலிருந்து கிணற்றுக்கு ஊற்று வராது. சாக்கடை வெளியேற வழியும் இருக்காது. இரண்டில் ஒன்றைத் தேர்ந்து, அதன் விலையைக் கதையில் கொடுங்கள்.

அரணைச் சட்டென்று பெரிதாக்குவது

ஆரம் இரட்டித்தால் பரப்பு நான்கு மடங்கு. 6 மந்திரவாதிகள் தாங்கியதைத் தாங்க இனி 24 பேர் வேண்டும்.

நிறம்

அரண் என்ன நிறம் என்று சொல்ல ஒரு வரி போதும்.

‘இன்னும் பலமாக அடித்தான், உடைந்தது’

எழுதாதீர்கள். நீங்கள் வகுத்த விதியிலேயே எதிரி வழி கண்டுபிடிக்கட்டும். மேலே சொன்ன வேகவிதியை அறிந்த படைத்தலைவன் முதலில் கவண் எந்திரங்களைப் பின்னால் இழுக்கச் சொல்வான். பிறகு குதிரைவீரர்களை இறங்கி, குதிரையைக் கையில் பிடித்து நடக்கச் சொல்வான். தீப்பந்தங்களும் ஏணிகளும் அவர்கள் கையோடு நிதானமாக உள்ளே போய்விடும்.