‘வந்து’ எங்கே வரும், ‘இழவு’ எங்கே விழும்: பொருளில்லாச் சொற்களுக்கு இலக்கணம் பார்ப்பது எப்படி

பேச்சில் வரும் ‘வந்து’, ‘பாத்தீங்கன்னா’ எல்லாம் குப்பை, வசவு வெறும் கோபம், இதுக்கெல்லாம் இலக்கணம் ஏது என்றுதான் நானும் ரொம்ப நாள் நினைத்திருந்தேன். ஒருமுறை நானே பேசிய ஒலிப்பதிவு ஒன்றை ஒரு எழுத்துகூடத் திருத்தாமல் எழுதிப் பார்த்தேன். படிக்கக் கூச்சமாக இருந்தது, மூச்சுக்கு மூச்சு ‘வந்து’. ஆனால் அத்தனை ‘வந்து’வில் ஒன்றுகூடத் தப்பான இடத்தில் விழவில்லை. பொருளே இல்லாத சொல்லுக்குத் தப்பான இடம் என்று ஒன்று எப்படி இருக்க முடியும்? அதை நீங்களே சோதித்துப் பார்க்கும் வழியைத்தான் சொல்லப் போகிறேன். மொழியியல் படித்திருக்க வேண்டாம், தமிழ் பேசும் காது போதும்.

முதலில் ஐந்து நிமிடப் பேச்சைப் பதிவு செய்து அப்படியே எழுதுங்கள். இழுத்த இடம், தடுமாறிய இடம், பல்லைக் கடித்துத் திட்டிய இடம் எதையும் விடாதீர்கள். அழகுபடுத்தினால் சோதிக்க ஒன்றும் மிஞ்சாது. அப்புறம் சந்தேகப்படும் ஒவ்வொரு சொல்லுக்கும் மூன்று கேள்வி. எடுத்துவிட்டால் வாக்கியம் நிற்கிறதா? வேறு இடத்துக்கு நகர்த்த முடிகிறதா? வேற்றுமை உருபோ விகுதியோ ஒட்டுகிறதா?

‘வந்து’வில் ஆரம்பிக்கலாம். வடிவத்தில் இது வினையெச்சம். “நான் வந்து சொன்னேன்” என்றால் நேரில் வந்து சொன்னதாகவும் கொள்ளலாம், சும்மா சொன்னதாகவும் கொள்ளலாம். எது எது என்று பிரிக்க, வர முடியாத ஒன்றை எழுவாயாகப் போடுங்கள்: “இந்தக் கல்லு வந்து ரொம்ப கனம்.” கல் எங்கிருந்தும் வரவில்லை. இன்னும் ஒரு படி மேலே: “நான் வந்து நேத்து வரவே இல்ல.” வந்தேனா வரலையா என்று யாரும் கேட்பதில்லை, ஏனென்றால் அங்கே ‘வந்து’ வினையாகவே இல்லை. இப்போது நகர்த்திப் பாருங்கள். “நேத்து வந்து நான் வீட்ல இருந்தேன்”, “வீட்ல வந்து ஒரு பிரச்சினை” இரண்டும் சரி. “நல்ல வந்து பையன்” சரியில்லை, சொல் கிடைக்காமல் திணறும்போது மட்டும்தான் அப்படி வாயில் வரும். “நான் வீட்டுக்குப் போனேன் வந்து” என்று முடிக்கவும் மாட்டோம். அப்படியென்றால் அதன் வேலை என்ன? எதைப் பற்றிப் பேசப் போகிறோமோ அதை முதலில் எடுத்து வைத்து, ‘இதைப் பற்றித்தான், கேளு’ என்று காட்டும் கொக்கி அது. பெயரடைக்கும் பெயருக்கும் நடுவில் கொக்கி மாட்ட இடமில்லை, வாக்கியம் முடிந்த பிறகு மாட்டித் தொங்கவிட எதுவும் இல்லை.

‘பாத்தீங்கன்னா’ வேறு ரகம். பார்க்க எதுவும் இல்லாதபோதும் சொல்கிறோம், எடுத்துவிட்டால் ஒன்றும் குறையாது, ஆனால் நண்பனிடம் பேசும்போது அது ‘பாத்தேன்னா’ ஆகிவிடுகிறது. பொருள் செத்த பிறகும் முன்னிலை விகுதி உயிரோடு இருக்கிறது, எதிரில் நிற்பவரின் மரியாதையைக் கணக்கு வைத்துக்கொண்டு. இது புதுசும் இல்லை. மியா, இக, மோ, மதி என்று முன்னிலைக்கென்றே தனி அசைச்சொற்களை, அதாவது தனக்கென்று பொருளில்லாமல் ஒட்டி வரும் சொற்களை, பழைய இலக்கண நூல்கள் பட்டியல் போட்டிருக்கின்றன. ‘கண்டது மொழிமோ’ என்ற சங்க வரியில் ‘மோ’வை எடுத்துவிட்டாலும் மொழி, அதாவது சொல் என்பதுதான் பொருள். ஆனாலும் அந்த ‘மோ’ கேட்பவரை நோக்கி மட்டும்தான் வரும்.

இன்றைய டா, டி, ங்க மூன்றையும் இதே தட்டில் வைத்துப் பாருங்கள். “அவன் வந்துட்டான்டா” என்பதில் வினைமுற்று படர்க்கை. ‘டா’ யாருக்கு? வாக்கியத்திலேயே இல்லாத, கேட்டுக்கொண்டிருக்கும் ஆளுக்கு. “நான் வரேங்க” என்பதில் ‘ங்க’ ‘நான்’ என்பதற்கான மரியாதை என்று யாரும் எடுத்துக்கொள்வதில்லை.

உருபு ஒட்டும் நிரப்பியும் உண்டு. சொல் நினைவுக்கு வராதபோது ‘இது’ என்கிறோம்: “அந்த இதை எடு”, “இதுக்குள்ள வை”, “அவரு இது பண்ணிட்டாரு.” ‘வந்து’வுக்கு எந்த உருபும் ஒட்டாது, இந்த ‘இது’வுக்கு எல்லாம் ஒட்டும், ‘பண்ணு’ சேர்ந்தால் வினையாகவும் ஓடும். ஆகவே இரண்டையும் ‘நிரப்பி’ என்று ஒரே மூட்டையில் கட்டாதீர்கள். ஒன்று பேச்சுக்கு வழி காட்டுகிறது, இன்னொன்று வராத சொல்லுக்காக நாற்காலியில் துண்டு போட்டு இடம் பிடிக்கிறது.

வெறும் ‘ம்…’, ‘ஆ…’ எல்லாம் சத்தம்தானே என்றும் ஒதுக்க வேண்டாம். ஆங்கிலத்தில் தயங்கும்போது வரும் ‘அ’ (uh), ‘அம்’ (um) இரண்டையும் உளவியலாளர்கள் ஹெர்பர்ட் கிளார்க், ஜீன் ஃபாக்ஸ் ட்ரீ இருவரும் ஆராய்ந்து 2002இல் எழுதினார்கள்: முதலாவது சின்னத் தாமதத்துக்கும் இரண்டாவது பெரிய தாமதத்துக்கும் முன்னறிவிப்பு, ஆகவே அவையும் சொற்களே என்பது அவர்கள் வாதம்.

சரி, வசவுக்கு வருவோம். உறைப்பான சொற்களை விட்டுவிட்டு இழவு, கருமம், மண்ணு, நாய் என்று மிதமானவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன், இலக்கணம் எதற்கும் ஒன்றுதான்.

“எனக்கு ஒரு மண்ணும் புரியல.” இதை உடன்பாட்டுக்கு மாற்றுங்கள்: “எனக்கு ஒரு மண்ணும் புரியுது.” வாய் ஒத்துழைக்காது. ‘ஒரு’ முன்னால், ‘உம்’ பின்னால், கடைசியில் எதிர்மறை, இந்தச் சட்டகத்துக்குள் இழவு போட்டாலும் இதைவிடக் காரமானதைப் போட்டாலும் பொருள் ‘எதுவும்’ என்பதுதான். ‘என்ன’வுக்குப் பின்னாலும் ஒரு காலி இடம் இருக்கிறது: “என்ன இழவுக்கு வந்த?” இழவு வீட்டுக்கு யாரும் போகவில்லை. ‘எதற்கு’ என்ற கேள்விதான் எரிச்சலோடு வருகிறது, ஆனால் நான்காம் வேற்றுமை ‘கு’ மட்டும் பத்திரமாக இருக்கிறது. “படிப்பாவது மண்ணாவது” இன்னொரு சட்டகம், அதில் முதல் இடத்தில் எதை வைத்தாலும் அதன் மதிப்பு போய்விடும்.

எனக்கு ரொம்பப் பிடித்த சோதனை ‘பாழாப்போன’. “பாழாப்போன பஸ் இன்னும் வரல.” சாதாரணப் பெயரெச்சம் என்றால் அதைப் பயனிலையாக்க முடிய வேண்டும், ‘உடைந்த கதவு’ என்றால் ‘கதவு உடைந்தது’ என்கிற மாதிரி. “பஸ் பாழாப்போச்சு” என்று மாற்றிப் பாருங்கள். இப்போது வண்டி கெட்டுவிட்டது, வேறு செய்தியாகிவிட்டது. கேள்வியாக்கியும் பாருங்கள். “பாழாப்போன பஸ் வந்துச்சா?” என்று கேட்டால் “வந்துச்சு, ஆனா பாழாப்போகல” என்று யாரும் பதில் சொல்ல மாட்டார்கள். கேள்வியோ எதிர்மறையோ அந்தச் சொல்லைத் தொடுவதே இல்லை. பஸ்ஸுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாலும் அது பேசுகிறவரின் எரிச்சலைத்தான் சொல்கிறது. “அந்தப் பாழாப்போன பஸ் வரலைன்னு அவன் சொன்னான்” என்றால் எரிச்சல் யாருடையது? பெரும்பாலும் என்னுடையது, அவன் பாவம் நிதானமாகத்தான் சொல்லியிருப்பான்.

ஆங்கிலத்தில் வசவைச் சொல்லின் வயிற்றுக்குள்ளேயே செருகுவார்கள், ‘அப்சோ-ப்ளடி-லூட்லி’ என்று. அதற்கும் விதி உண்டு, அழுத்தம் விழும் அசைக்கு முன்னால்தான் செருக முடியும். தமிழில் அது நடக்காது, நாம் வசவை வினையின் வாலில் கட்டுகிறோம். “வந்து தொலை”, “பணத்தைக் கட்டி அழு”, “எழுதித் தொலைச்சேன்.” தொலை, அழு இரண்டும் இங்கே துணைவினை. நடந்த காரியத்தில் மாற்றமில்லை, எழுதியது எழுதியதுதான். மேலே வேண்டாவெறுப்பு ஏறியிருக்கிறது, அவ்வளவே. அதுவும் காலம், இடம், மரியாதை எல்லா விகுதியையும் சுமந்துகொண்டு: “வந்து தொலைங்க” என்று மரியாதையோடு திட்டும் வசதி எல்லா மொழிக்கும் வாய்க்குமா என்ன.

ஆளைத் திட்டும்போது இரண்டு இடங்களைப் பிரித்துப் பாருங்கள். ‘நாயே’, ‘மடையா’ என்பவை விளி, எட்டாம் வேற்றுமை, வாக்கியத்துக்கு வெளியே நிற்கும், எடுத்தாலும் வினைமுற்று அசையாது. அதே சொல் எழுவாயாக உள்ளே வந்தால் சிக்கல் தொடங்கும். “அந்த நாய் எங்க போனான்?” என்றும் கேட்கிறோம், “எங்க போச்சு?” என்றும் கேட்கிறோம். முதலாவதில் ஆளைப் பார்த்து வினை முடிகிறது, இரண்டாவதில் சொல்லைப் பார்த்து. பின்னது கூடுதலாகக் குத்தும், உயர்திணையையே பறித்துவிடுகிறது அல்லவா. பவணந்தி இதை நன்னூலில் பிழை என்று தள்ளவில்லை. ‘செறலினும் இழிப்பினும்’, அதாவது கோபத்திலும் இழிவிலும் பாலும் திணையும் மாறி வந்தால் அது இயல்பே என்கிறார். அதே சூத்திரத்தில் உவப்பும் இருக்கிறது, குழந்தையை ‘என் கழுதை’ என்று கொஞ்சுவதும் இதே கதவு வழியாகத்தான் நுழைகிறது.

அசைச்சொல்லையும் வசவையும் ஒன்றாகப் பார்ப்பது என் கிறுக்கு என்று நினைக்க வேண்டாம். ஆங்கில இலக்கணத்தில் ‘எக்ஸ்ப்ளெட்டிவ்’ என்ற ஒரே சொல்தான் இரண்டுக்கும். ‘இட் ரெயின்ஸ்’ என்பதில் சும்மா நிற்கும் ‘இட்’டுக்கும் அந்தப் பெயர், கெட்ட வார்த்தைக்கும் அந்தப் பெயர். நிரப்புவது என்ற பொருள் தரும் லத்தீன் வேரிலிருந்து வந்தது. தொல்காப்பியர் இடைச்சொல்லை வகைப்படுத்தும்போது ‘இசைநிறை’ என்று ஒரு வகை வைத்தார், அங்கேயும் நிரப்புவதுதான் வேலை.

கதை எழுதுகிறவர்களும் சப்டைட்டில் போடுகிறவர்களும் இதைக் கையோடு பயன்படுத்தலாம். வசவை மென்மையாக்க வேண்டுமென்றால் அதே இடத்தில் உட்காரும் சொல்லைத் தேடுங்கள். ‘என்ன இழவுக்கு’ என்பதற்கு ‘என்ன கருமத்துக்கு’ பொருந்தும், ‘ச்சே’ பொருந்தாது. புள்ளி வைத்து மறைத்தால் தலையை மறையுங்கள், வேற்றுமை உருபை விட்டுவிடுங்கள். ‘என்ன …க்கு வந்த’ என்று இருந்தாலே வாசகர் மீதியைப் போட்டுக்கொள்வார். அவையில் சொல்லக்கூடாததை மறைத்துச் சொல் என்று தொல்காப்பியமும் சொல்கிறது, ஆனால் அடுத்த சூத்திரத்திலேயே, வழக்கில் மருவிப்போனவற்றை மறைக்கத் தேவையில்லை என்று விட்டும் கொடுக்கிறது. ‘மண்ணு’ அந்த இரண்டாவது பட்டியலுக்குப் போய்விட்டது. ‘இழவு’ பாதி வழியில் நிற்கிறது.