ஒரு சொல்லால் நின்ற பதவி உயர்வு

இடைநிலை ஆசிரியராக இருந்தபோது, பட்டதாரி ஆசிரியர் பதவி உயர்வுப் பட்டியலில் என் பெயர் விடுபட்டது. என் பட்டம் 'பயன்பாட்டுக் கணிதம்', விதியில் இருந்தது 'கணிதம்'. ஒரு சொல்தான்! நேரில் போய்க் கெஞ்சியது வீண்.

இரண்டும் இணையானவை என்னும் உயர்கல்வித் துறை அரசாணையைத் தேடி எடுத்தேன். படித்த பல்கலைக்கழகத்தின் பெயரும் அதில் இருக்கிறதா என்று பார்ப்பது முக்கியம், இதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். நகலோடு எழுத்து மூலம் ஆட்சேபணை கொடுத்து ஒப்புகை வாங்கினேன். பதிலே இல்லை. அப்புறம் உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு. கோரிக்கையை ஒரு குறிப்பிட்ட காலத்துக்குள் பரிசீலிக்க உத்தரவு வந்தது, பெயர் சேர்ந்தது.

2025 செப்டம்பர் 1 உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்குப் பின், பதவி உயர்வுக்கு டெட் என்னும் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சியும் வேண்டும். அதை அரசாணை தேடித் தீர்க்க முடியாது.