3டிஎஸ்ஸில் பழைய கேம்பாய், டிஎஸ் கேம்கள்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

லூமா (நின்டெண்டோ அனுமதிக்காத மென்பொருளையும் ஓட்ட விடும் மாற்று ஃபர்ம்வேர்) போட்ட நின்டெண்டோ 3டிஎஸ் கேம் கருவி கைக்கு வந்ததும் பலரும் கேட்பது, "எந்த எமுலேட்டர் போடலாம்?" என்பதுதான். எமுலேட்டர் என்பது பழைய கருவியைப் போல நடிக்கும் மென்பொருள். தவறு அங்கேயே தொடங்கிவிடுகிறது. கேம்பாய் அட்வான்ஸுக்கு எமுலேட்டரே தேவையில்லை. அதன் மூளையான ஏஆர்எம்7 பிராசஸர் 3டிஎஸ்ஸுக்குள் இருக்கிறது. டிஎஸ்ஸுக்கு வேண்டிய ஏஆர்எம்7, ஏஆர்எம்9 இரண்டும் இருக்கின்றன. கருவி தன் 3டிஎஸ் வேடத்தைக் கழற்றிவைத்துவிட்டு, பழைய கருவியாகவே மாறி கேமை ஓட்டுகிறது. எமுலேட்டர் வேண்டியது கேம்பாய்க்கும் கேம்பாய் கலருக்கும்தான்.

இது புரிந்தால் பாதிக் குழப்பம் தீரும். கேம் நேரடியாக ஓடும்போது 3டிஎஸ்ஸின் வசதிகள் எதுவும் கூட வராது. எல் + கீழ் + செலக்ட் அழுத்தினாலும் லூமாவின் ரோசலினா மெனு எட்டிப் பார்க்காது, ஸ்கிரீன்ஷாட் விழாது. வர்ச்சுவல் கன்சோலாக, அதாவது ஹோம் மெனுவில் தனி ஐகானோடு, நிறுவிய அட்வான்ஸ் கேமில் மூடியை மூடினாலும் கருவி தூங்காது, பேட்டரி இறங்கிக்கொண்டே இருக்கும். ஏதோ கெட்டுவிட்டது என்று லூமாவை மறுபடி போடுவது வீண் வேலை. 2011 விலைக் குறைப்புக்கு முன்பே 3டிஎஸ் வாங்கியவர்களுக்கு நின்டெண்டோ அம்பாசடர் திட்டத்தில் 10 அட்வான்ஸ் கேம்களை இலவசமாகக் கொடுத்தது. அந்தப் பத்திலும் தூக்கம் கிடையாது. அதன்பிறகு 3டிஎஸ் கடையில் அட்வான்ஸ் கேம் எதையும் விலைக்கு வைக்கவும் இல்லை.

பழைய மாடலில் எம்ஜிபிஏ

எம்ஜிபிஏ அருமையான எமுலேட்டர். ஆனால் 2011 மாடல் 3டிஎஸ்ஸின் முதன்மை பிராசஸர் 268 மெகாஹெர்ட்ஸ். 2014-இல் வந்த நியூ 3டிஎஸ்ஸில் 804 மெகாஹெர்ட்ஸ். பழைய மாடலில் அட்வான்ஸ் கேமை எம்ஜிபிஏ வழியாக ஓட்டினால் பாட்டு இழுக்கும், படம் திக்கும். அங்கே ஓப்பன் ஏஜிபி ஃபர்ம் (அட்வான்ஸ் கேமை நேரடியாக ஓட்டும் தனி மென்பொருள்) அல்லது வர்ச்சுவல் கன்சோல், இந்த இரண்டு வழிகள்தான். நியூ மாடலில் எம்ஜிபிஏ பெரும்பாலும் முழு வேகத்தில் ஓடும். சேவ் ஸ்டேட் (ஆட்டத்தை எந்த நொடியிலும் அப்படியே சேமிப்பது), வேகமாக ஓட்டுதல் எல்லாம் வேண்டுமென்றால் அங்கே அதுவே சரி. கேம்பாய், கேம்பாய் கலர் கேம்களுக்குப் பழைய மாடலிலும் எம்ஜிபிஏ தாராளமாகப் போதும்.

எம்ஜிபிஏவில் சத்தமே வரவில்லையா? எமுலேட்டர் மேல் பழி போடாதீர்கள். ஒலிச் சிப்புக்கான கோப்பை உங்கள் கருவியிலிருந்தே ஒருமுறை எடுத்துவைக்க வேண்டும். ரோசலினா மெனுவில் இதர விருப்பங்கள் பகுதிக்குள் டிஎஸ்பி ஃபர்ம்வேரை எடுக்கும் வரி இருக்கிறது. ஒரே அழுத்தில் வேலை முடிந்துவிடும்.

சேவ் எங்கே இருக்கிறது?

மனம் நொந்துபோகும் இடம் இதுதான். நாற்பது மணி நேர ஆட்டம் போய்விட்டது என்று புலம்புபவர்களில் பெரும்பாலோர் சேவ் செய்யாமல் விட்டவர்கள் அல்லர். சேவ் எந்த நேரத்தில் எந்த இடத்தில் இருக்கிறது என்று தெரியாதவர்கள்.

வர்ச்சுவல் கன்சோலாக நிறுவிய அட்வான்ஸ் கேமை எடுத்துக்கொள்வோம். கேமுக்குள் சேவ் செய்தீர்கள், பவர் பட்டனை அழுத்தி அணைத்தீர்கள். சேவ் இப்போது எஸ்டி கார்டில் இல்லை. கருவியின் உள் நினைவகத்தில், அதற்கென்றே ஒதுக்கிய ஏஜிபிசேவ் என்ற சின்னப் பகுதியில் உட்கார்ந்திருக்கிறது. அடுத்த முறை கருவியைப் போட்டு ஹோம் மெனு ஏறும்போதுதான் அது கார்டுக்கு நகலாகிறது. நடுவில் கார்டைக் கழற்றி கம்ப்யூட்டரில் சேவை எடுத்தால் கிடைப்பது பழைய சேவ். அதைத் திருத்தி மறுபடி வைத்தாலோ, ஹோம் மெனு வரும்போது ஏஜிபிசேவில் இருந்தது அதன் மேல் எழுதிவிடும். அதைவிட மோசம், அந்த இடைவெளியில் பழைய நேண்ட் (கருவியின் உள் நினைவகம்) பேக்கப்பை மீட்டெடுப்பது. ஏஜிபிசேவும் அதோடு பழையதாகிவிடும், புது சேவ் போயே போய்விடும். ஆகவே விளையாடி முடித்தால் ஹோம் மெனு முழுக்க வந்து நிற்கும்வரை காத்திருங்கள். பிறகு அணையுங்கள், பிறகு கார்டைத் தொடுங்கள்.

ஓப்பன் ஏஜிபி ஃபர்மில் கதை வேறு. இது லூமாவின் பேலோட்ஸ் ஃபோல்டரில் வைத்து, ஸ்டார்ட் பட்டனை அழுத்திக்கொண்டே கருவியைப் போட்டால் ஏறுவது. இங்கே கேமின் சேவ் ஓடும்வரை நினைவகத்தில்தான் இருக்கும். பவர் பட்டன் வழியாக முறையாக வெளியேறும்போது கார்டில் எழுதப்படும். பேட்டரி தீரும்வரை விளையாடினால், கேமுக்குள் எத்தனை முறை சேவ் செய்திருந்தாலும் போச்சு. சிவப்பு விளக்கு எரிய ஆரம்பித்ததும் வெளியேறிவிடுங்கள். 'இந்த ஒரு போக்கிமான் ஜிம்மை முடித்துவிட்டு' என்பதெல்லாம் வேண்டாம்.

அடுத்தது சேவ் வகை. அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ்களில் சேவுக்கு ஒரே வகைச் சிப் இருக்கவில்லை. சிலவற்றில் ஈஈப்ராம், 512 பைட் அல்லது 8 கேபி. சிலவற்றில் எஸ்ராம், 32 கேபி. சிலவற்றில் ஃபிளாஷ், 64 அல்லது 128 கேபி. கேமை ஓட்டும் மென்பொருள் ரோமை (கார்ட்ரிட்ஜிலிருந்து எடுத்த கேம் கோப்பை) பார்த்து இதை ஊகிக்கிறது, சில சமயம் தப்பாக ஊகிக்கிறது. போக்கிமான் ஃபயர்ரெட், எமரால்டு கேம்களில் '1எம் சப்-சர்க்யூட் போர்டு பொருத்தப்படவில்லை' என்று ஒரு வரி வந்து நின்றால், ரோம் கெட்டது என்று முடிவு கட்டிவிடாதீர்கள். 1 மெகாபிட் என்றால் 128 கேபி. கேம் 128 கேபி ஃபிளாஷைத் தேடுகிறது, உங்கள் அமைப்பு வேறு எதையோ கொடுத்திருக்கிறது என்றுதான் அதற்கு அர்த்தம். சேவ் வகையை 128 கேபி ஃபிளாஷ் என்று கையால் மாற்றினால் சரியாகிவிடும்.

ஓரிடத்து சேவை இன்னோரிடத்துக்குக் கொண்டுபோகும்போது கோப்பின் அளவையும் பாருங்கள். 128 கேபி என்றால் சரியாக 1,31,072 பைட். எம்ஜிபிஏவிலிருந்து வரும் போக்கிமான் சேவில் 1,31,088 என்று இருக்கலாம். கூடுதல் 16 பைட், எம்ஜிபிஏ வாலில் ஒட்டிவைக்கும் கடிகாரக் குறிப்பு. அளவில் கறாராக இருக்கும் மென்பொருள் அதை ஏற்காது. ஹெக்ஸ் எடிட்டரில் கடைசி 16 பைட்டை வெட்டிவிட்டால் போதும். சேவ் கோப்பின் பெயரும் ரோமின் பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும் என்பதையும் மறக்காதீர்கள்.

சேவ் ஸ்டேட்டை மட்டும் நம்பி விளையாடாதீர்கள். அது அந்த எமுலேட்டருக்கு மட்டுமே புரியும் மொழி.

கடிகாரம் என்றதும் இன்னொன்று. ரூபி, சஃபையர், எமரால்டு மூன்றின் கார்ட்ரிட்ஜிலும் நிஜ நேரக் கடிகாரம் இருந்தது. வர்ச்சுவல் கன்சோலாக மாற்றி நிறுவினால் அது கிடைக்காது. உள் பேட்டரி தீர்ந்துவிட்டது என்று கேம் சொல்லும், பெர்ரி வளராது. எம்ஜிபிஏவும் ஓப்பன் ஏஜிபி ஃபர்மும் கடிகாரத்தைத் தரும். இந்த மூன்று கேம்களுக்கும் வர்ச்சுவல் கன்சோல் வழியைத் தவிர்ப்பது நல்லது.

எஸ்டி கார்டு

64 ஜிபி, 128 ஜிபி கார்டுகள் கடையிலிருந்து எக்ஸ்ஃபேட் வடிவத்தில் வருகின்றன. 3டிஎஸ்ஸுக்கு ஃபேட்32 மட்டுமே தெரியும். விண்டோஸின் வழக்கமான ஃபார்மேட் சாளரம் 32 ஜிபிக்கு மேல் அந்த விருப்பத்தையே காட்டாது என்பதால் ஜியூஐஃபார்மேட் (guiformat) போன்ற தனிக் கருவி வேண்டும். அலகு அளவு (allocation unit size) 64 ஜிபி வரை 32 கேபி, 128 ஜிபிக்கு 64 கேபி. அதற்கு மேல் பெரிய கார்டு வாங்கிப் பயனில்லை. அட்வான்ஸ் ரோம் ஒன்று அதிகபட்சம் 32 எம்பி. நூறு கேம் வைத்தாலும் 4 ஜிபியைத் தாண்டாது. மலிவாகக் கிடைத்த கார்டு என்றால் முதலில் ஹெச்2டெஸ்ட்டபிள்யூ ஓட்டி, அட்டையில் போட்டிருக்கும் அளவு நிஜமாகவே இருக்கிறதா என்று பாருங்கள்.

பழைய கார்டிலிருந்து புதியதுக்கு மாறும்போது எல்லாவற்றையும் நகலெடுங்கள். 'நின்டெண்டோ 3டிஎஸ்' ஃபோல்டர் அந்தக் கருவிக்கென்றே பூட்டப்பட்டது. ஒரு கருவியின் ஃபோல்டரைத் தூக்கி இன்னொன்றில் வைத்தால் எதுவும் தெரியாது.

கருவியைப் போட்டதும் நீல விளக்கு எரிந்து உடனே அணைந்துவிடுகிறதா? அநேகமாக கார்டின் முகப்பில் (எந்த ஃபோல்டருக்குள்ளும் போகாத மேல்மட்டத்தில்) பூட்.ஃபர்ம் (boot.firm) கோப்பு இல்லை. கோப்பை வைத்தால் கருவி எழுந்து நிற்கும். பதறிப்போய் பழுதுபார்க்கக் கொடுத்துவிடாதீர்கள்.

திரைக் கணக்கு

மேல் திரை 400 × 240. அட்வான்ஸ் படம் 240 × 160. உயரத்தை நிரப்ப 1.5 மடங்கு. டிஎஸ் படம் 256 × 192, அதற்கு 1.25 மடங்கு. கேம்பாய் 160 × 144, அதற்கு ஏறக்குறைய 1.67. எதுவும் முழு எண்ணில் வராது. அதனால்தான் எழுத்துகள் மங்கலாகவோ, ஒரு கோடு தடித்தும் ஒரு கோடு மெலிந்தும் தெரிகின்றன. திரை கெட்டுவிடவில்லை.

எக்ஸ்எல் மாடல் வைத்திருப்பவர்கள் பெரிதாக்காமல் 1:1 வைத்துப் பாருங்கள். 4.88 அங்குலத் திரையில் 240 புள்ளி அகலம் சுமார் 2.5 அங்குலம் வரும். அசல் அட்வான்ஸின் 2.9 அங்குலத் திரையின் அகலமே 2.4தான். ஆக அசல் அளவிலேயே, ஊசி முனைக் கூர்மையில் படம் கிடைக்கிறது. சுற்றியிருக்கும் கறுப்பு ஓரம் பத்து நிமிடத்தில் கண்ணுக்குப் பழகிவிடும். பழைய சின்ன 3டிஎஸ்ஸில் இதே படம் 1.8 அங்குலத்துக்குச் சுருங்கிவிடும். அங்கே மங்கலைப் பொறுத்துக்கொள்வதே மேல். டிஎஸ் கேமை 1:1-இல் திறக்க, கேமைத் தட்டும்போதே ஸ்டார்ட் அல்லது செலக்டை அழுத்திப் பிடியுங்கள்.

டிஎஸ் பக்கம்

ட்வைலைட் மெனு என்ற மென்பொருள் வழியாக டிஎஸ் கேம்கள் சுத்தமாக ஓடும். எதிர்பார்க்கக் கூடாதது ஒன்று: அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜைச் செருகும் இரண்டாவது துளை 3டிஎஸ்ஸில் இல்லை. ஆகவே டைமண்ட், பேர்ல் கேம்களில் பால் பார்க் வழியாகப் பழைய போக்கிமான்களைக் கொண்டுவரும் வேலை நடக்காது.

ஒவ்வொரு கேமுக்கும் ஹோம் மெனுவில் ஐகான் வைக்க ஆசைப்படாதீர்கள். மெனு காட்டுவது மொத்தம் 300 தலைப்புகள், உள் நினைவகத்தில் டிஎஸ்ஐவேருக்கு (டிஎஸ்ஐக்கான பதிவிறக்க கேம்கள்) 40 இடம். வர்ச்சுவல் கன்சோலாக மாற்றும்போது இரண்டு கேம்களுக்கு ஒரே தலைப்பு எண் கொடுத்தால் ஒன்று மற்றொன்றின் மேல் ஏறிவிடும், முதலாவது காணாமல் போகும்.

ரோமும் பேக்கப்பும்

உங்களிடம் உள்ள கார்ட்ரிட்ஜிலிருந்து நீங்களே எடுப்பதுதான் சட்டத்துக்கும் தரத்துக்கும் நல்லது. டிஎஸ் கார்டை 3டிஎஸ்ஸின் துளையிலேயே செருகி காட்மோட்9 என்ற கோப்பு மேலாண்மை மென்பொருளில் எடுக்கலாம். அட்வான்ஸுக்கு யூஎஸ்பி ரீடர் வேண்டும். ஊதித் துடைக்காதீர்கள், எச்சில் ஈரம் செம்பு முனைகளை அரிக்கும். 90 சதவீதத்துக்கு மேற்பட்ட ஐசோப்ரொப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சில் தொட்டுத் துடையுங்கள். இரண்டு முறை எடுத்து ஹாஷ் (கோப்பின் கைரேகை போன்ற எண்) ஒப்பிடுங்கள். ஒத்துவரவில்லை என்றால் முனை இன்னும் அழுக்கு. முதல் நகலில் ஓடிய கேம் எட்டாவது மணி நேரத்தில் உறைந்து நிற்பது பெரும்பாலும் இந்த அழுக்கால்தான்.

இவை எல்லாவற்றுக்கும் முன்னால் காட்மோட்9-இல் நேண்ட் பேக்கப் எடுத்து, கார்டில் அல்லாமல் கம்ப்யூட்டரில் வையுங்கள். பழைய மாடலில் 1 ஜிபிக்குச் சற்றுக் குறைவு, நியூவில் 1.2 ஜிபி வாக்கில் வரும். இன்னொருவர் பேக்கப்பை இரவல் வாங்கி ஏற்றினால் கருவி கல்லாகிவிடும், ஒவ்வொரு நேண்டும் தன் கருவியின் சாவியில் பூட்டப்பட்டது. காட்மோட்9 எழுத அனுமதி கேட்டு வரிசையாகப் பட்டன்களை அழுத்தச் சொன்னால், எதற்கு எழுதப்போகிறது என்ற வரியைப் படித்துவிட்டு அழுத்துங்கள். ரோம் நகலெடுக்கும் வேலைக்கு அது கருவியின் உள் நினைவகமான சிஸ்நேண்டைத் தொட வேண்டிய அவசியமே இல்லை. அப்படிக் கேட்டால் பி பட்டனை அழுத்தித் திரும்பி வாருங்கள்.