கிளை நூலகத்தின் வரலாற்றை அதன் பதிவேடுகளிலிருந்தே திரட்டுவது எப்படி

பெரும்பாலான கிளை நூலகங்களுக்கு எழுதி வைத்த வரலாறு கிடையாது. வாசலில் ஒரு திறப்பு விழாக் கல் இருக்கும். அதிலுள்ள தேதி கட்டடத்தின் தேதி. நூலகம் அதற்கு முன்பே வாடகை அறையிலோ பள்ளிக்கூடத்தின் ஒரு மூலையிலோ பல வருடம் நடந்திருக்கலாம். எப்போது தொடங்கியது, யாருக்கு என்ன சேவை கொடுத்தது, எதை நிறுத்தியது என்பதெல்லாம் பதிவேடுகளிலும் புத்தகங்களின் உடம்பிலும் கிடக்கின்றன. அவற்றைப் படிக்கும் முறைதான் இது.

முதலில் நூலகரிடமும் தலைமை அலுவலகத்திடமும் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். பென்சில் மட்டும் எடுத்துச் செல்லுங்கள். பேனா மை ஒருமுறை பதிவேட்டில் பட்டால் போகாது. தையல் விட்ட பதிவேட்டை முழுதாகப் பிரித்துத் தட்டையாக அழுத்தாதீர்கள். இருபுறமும் மடித்த துண்டை முட்டுக் கொடுத்தால் முதுகு உடையாது. கிழிந்த தாளுக்கு செல்லோ டேப் ஒட்டவே கூடாது. சில வருடங்களில் பசை மஞ்சளாகி எழுத்தையும் சேர்த்துக் கெடுத்துவிடும்.

சேர்க்கைப் பதிவேடு

இதுவே தலையாய ஆவணம். நூலகத்துக்குள் பேச்சில் அக்செஷன் ரிஜிஸ்டர் என்பார்கள். வரும் ஒவ்வொரு புத்தகத்துக்கும் ஒரு வரி. தேதி, சேர்க்கை எண், ஆசிரியர், தலைப்பு, பதிப்பாளர், ஆண்டு, பக்கம், விலை, வந்த வழி, பில் எண், பகுப்பு எண் (நூலின் பொருளைக் காட்டும் எண்), கடைசியில் குறிப்பு என்று கட்டங்கள் போகும். ஒவ்வொரு வருடத்தின் முதல் எண்ணையும் கடைசி எண்ணையும் மட்டும் குறித்துக்கொண்டு வாருங்கள். இரண்டையும் கழித்து ஒன்று கூட்டினால் அந்த வருடம் எத்தனை புத்தகம் வந்தது என்று தெரிந்துவிடும். ஆயிரக்கணக்கான வரிகளை நகல் எடுக்க வேண்டாம். ஆனால் கணக்கு நிதியாண்டுப்படி எழுதப்பட்டதா, நாட்காட்டி ஆண்டுப்படியா என்று முதலிலேயே பார்த்துக்கொள்ளுங்கள். ஆண்டறிக்கையோடு எண்கள் ஒட்டாமல் போவதற்கு இந்தக் குழப்பம் பெரும்பாலும் காரணமாக இருக்கும்.

இங்கே மூன்று இடத்தில் கால் இடறும். முதல் வரியின் தேதி திறப்பு நாள் அல்ல. கதவு திறப்பதற்குப் பல மாதம் முன்பே புத்தகம் வாங்கிப் பதிந்திருப்பார்கள். தலைமை நூலகத்திலிருந்து மாற்றிக் கொடுத்த பழைய புத்தகங்களுக்கு இங்கே புது எண் விழுந்திருக்கும். அப்போது தேதி கட்டத்தில் உள்ளது கைமாறிய நாள் மட்டுமே. மூன்றாவது, எண்வரிசை மறுபடி 1இலிருந்து தொடங்குவது. பதிவேடு தொலைந்தாலோ இரண்டு கிளைகளை ஒன்றாக்கினாலோ இப்படி நடக்கும். எண் மறுபடி தொடங்கும் இடத்தைக் கண்டால் அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து, முந்தைய பதிவேட்டின் கடைசிப் பக்கத்தையும் தேடுங்கள்.

குறிப்புக் கட்டத்தை அவசரமாகத் தாண்டிவிடாதீர்கள். 'தொலைந்தது', 'கழிக்கப்பட்டது' என்ற சொற்கள் ஒரே தேதியில் பல பக்கங்களுக்குத் தொடர்ந்தால் அது இருப்புச் சரிபார்ப்பு நடந்த நாள். அருகே 'நீரில் நனைந்தது' என்றிருந்தால் ஒரு வெள்ளமோ கூரை ஒழுக்கோ அங்கே பதிவாகியிருக்கிறது. விலைக் கட்டம் காலியாக, 'அன்பளிப்பு' என்று ஒரே நாளில் அறுபது, எழுபது வரிகள் வந்தால் யாரோ ஒருவரின் வீட்டு அலமாரி மொத்தமாக இங்கே வந்து சேர்ந்திருக்கிறது. அந்தத் தலைப்புகளை மட்டும் முழுதாக எழுதிக்கொள்ளுங்கள். ஒரு வாசகர் வாழ்நாளெல்லாம் என்ன படித்தார் என்பது அந்த ஒரு பக்கத்தில் இருக்கும்.

புத்தகத்தின் உடம்பு

அலமாரியின் வெவ்வேறு பகுதிகளிலிருந்து முப்பது பழைய புத்தகங்களை எடுத்து மேசையில் வையுங்கள். தலைப்புப் பக்கத்திலும் அதன் பின்புறத்திலும் முத்திரை இருக்கும். இவை தவிர, பல நூலகங்கள் தமக்கென்று ஒரு ரகசியப் பக்கம் வைத்திருக்கும். எல்லாப் புத்தகத்திலும் அதே பக்க எண்ணில் முத்திரையோ சேர்க்கை எண்ணோ இருக்கும். ஐந்து புத்தகத்தைப் புரட்டினால் எந்தப் பக்கம் என்று பிடிபட்டுவிடும். முத்திரையில் நூலகத்தின் பெயர் மாறிய வரிசையை, அந்தந்தச் சேர்க்கைத் தேதியோடு சேர்த்து அடுக்கினால் பெயர்மாற்றமும் இடமாற்றமும் தாமாக வெளிப்படும். ஊதா மை வெளிச்சத்தில் வெளிறும், தண்ணீரில் கரையும். ஆகவே ஈரத்துணி வேண்டாம். வெளிறிய முத்திரையை நேர் வெளிச்சத்தில் பார்க்காமல் பக்கவாட்டிலிருந்து டார்ச் அடித்துப் பாருங்கள். ரப்பர் அழுத்திய பள்ளம் சில சமயம் நிழலாகத் தெரியும்.

முதுகிலுள்ள எண்ணும் பேசும். நூல்களைப் பொருள்வாரியாக எண்ணிட்டு அடுக்கும் டியூயி பகுப்பு முறை 1876இல் வெளிவந்தது. இந்திய நூலக அறிஞர் ரங்கநாதனின் கோலன் பகுப்பு 1933இல். தமிழ் இலக்கியம் டியூயியில் 894.811, கோலனில் O31 என்று தொடங்கும். ஒரே அலமாரியில் இரண்டும் கலந்து கிடந்தால் அந்தக் கிளை ஒரு கட்டத்தில் முறை மாறியிருக்கிறது. கணினி நூல் ஒன்றில் 001.64 என்று இருந்தால் அது டியூயியின் பழைய பதிப்பை வைத்துப் பகுத்தது. 1989இல் வந்த 20ஆம் பதிப்பில் கணினி 004 முதல் 006 வரை போய்விட்டது. ஆனால் இதை வைத்து வருடத்தை அடித்துச் சொல்லாதீர்கள். பழைய பதிப்பையே பல வருடம் வைத்திருக்கும் நூலகங்கள் உண்டு. நூலில் அச்சாகும் சர்வதேச அடையாள எண்ணான ஐஎஸ்பிஎன் இன்னும் உதவும்: அதிகாரபூர்வமாக 2007 ஜனவரியிலிருந்துதான் 13 இலக்கம்.

பின்னட்டைக்கு உள்ளே ஒட்டிய தேதிச் சீட்டில் இருப்பது திருப்பித் தர வேண்டிய நாள். எடுத்த நாள் வேண்டுமென்றால் இரவல் தவணையைக் கழிக்க வேண்டும். தவணை 14 நாளா 15 நாளா என்பது விதிமுறைத் தாளில் இருக்கும். மறுகட்டு செய்த புத்தகத்தில் பழைய சீட்டு போய்விட்டிருக்கும். காலியான சீட்டைப் பார்த்து யாரும் படிக்கவில்லை என்று முடிவுகட்டுவது அந்தப் புத்தகத்துக்குச் செய்யும் அநியாயம்.

இரவல் கொடுத்த முறையையும் கண்டுபிடியுங்கள். நினா பிரௌன் 1895இல் முன்வைத்த முறையில் உறுப்பினரின் சிறு பைச் சீட்டுக்குள் நூலட்டையை (ஒவ்வொரு புத்தகத்துக்கும் உரிய சிறு அட்டையை) செருகி வைப்பார்கள். புத்தகம் திரும்பியதும் இரண்டும் பிரிந்துவிடும், யார் எடுத்தார் என்ற தடயம் மிஞ்சாது. அப்படிப்பட்ட கிளையில் தேதிச் சீட்டைத் தவிர தினசரி இரவல் கணக்குத் தாள்தான் சான்று. நூலட்டையிலேயே உறுப்பினர் எண்ணும் தேதியும் எழுதும் வழக்கம் இருந்திருந்தால் அட்டைகள் பொக்கிஷம். ஆனால் யார் எதைப் படித்தார் என்பதைப் பெயரோடு வெளியிடக் கூடாது. எண்ணிக்கையை எடுங்கள், பெயரை விட்டுவிடுங்கள்.

சேவைகளின் வரலாறு

பலரும் விட்டுவிடுவது இதைத்தான். குழந்தைகள் பகுதி தொடங்கிய தேதியை யாரும் எழுதியிருக்க மாட்டார்கள். ஆனால் தளவாடப் பதிவேட்டில் 'சிறு நாற்காலி 12, தாழ்வான மேசை 2' என்று ஒரு வரி இருக்கும். நாளிதழ்ச் சந்தாக் கணக்கில் ஒரு புதிய மொழி நுழைந்தால் அந்தப் பகுதிக்குப் புதிதாகக் குடிவந்தவர்கள் யார் என்று கேட்கத் தோன்றும். சாய்வுப் பாதை கட்டிய பில், தொலைபேசி இணைப்பு, இணையக் கட்டணம், பெரிய எழுத்து நூல்கள், பிரெய்ல் நூல்கள் ஆகிய ஒவ்வொன்றும் ஒரு சேவையின் பிறப்புச் சான்று. நின்றுபோன சேவைக்குக் கடைசி பில்லைத் தேடுங்கள்.

வருகைப் பதிவேட்டில் எல்லாக் கையெழுத்தையும் எண்ண முடியாது. ஒவ்வொரு வருடமும் ஒரே இரண்டு வாரங்களை எடுத்துக்கொள்ளுங்கள். தேர்வு வாரமும் விடுமுறை வாரமும் வேண்டாம். நாளிதழ் படிக்க வருகிறவர்கள் பலர் கையெழுத்துப் போடுவதில்லை என்பதால், கிடைக்கும் எண்ணைக் குறைந்தபட்சம் என்றே எழுத வேண்டும். உறுப்பினர் எண்ணிக்கையிலும் கவனம் தேவை: சேர்ந்தவர் மொத்தம் வேறு, புதுப்பித்தவர் வேறு.

ஓய்வுபெற்ற நூலகர்களிடமும் பழைய வாசகர்களிடமும் வருடத்தைக் கேட்காதீர்கள், குழப்பமே மிஞ்சும். ஒரு வெள்ளைத்தாளில் கட்டடத்தின் சுவர்களை மட்டும் வரைந்து கொடுத்து, "நாளிதழ் மேசை எந்தப் பக்கம் இருந்தது? நீங்க எங்கே உட்காருவீங்க?" என்று கேளுங்கள். கை தானாக வரையத் தொடங்கும், பேச்சும் கூடவே வரும். ஒருவர் மட்டும் சொன்னதை அவர் சொன்னதாகவே எழுதுங்கள். இன்னொருவரோ ஒரு தாளோ ஆமோதித்த பிறகே செய்தியாக எழுதுங்கள்.

படங்களுக்குப் பெயரிடும்போது பதிவேட்டின் எண்ணும் பக்க எண்ணும் இருக்கட்டும், 'பதிவேடு03_பக்கம்041' போதும். எழுதும் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் எந்தப் பக்கம் ஆதாரம் என்று ஓரத்தில் குறித்துவிடுங்கள். முடித்த பிரதி ஒன்றைக் கட்டி நூலகரிடம் கொடுங்கள். பொது நூலகங்களுக்கு டியூயியில் 027.4. அந்த எண்ணை முதுகில் ஒட்டி, ரகசியப் பக்கத்தில் முத்திரை வைத்து, சேர்க்கைப் பதிவேட்டின் அடுத்த வரியில் அன்பளிப்பு என்று பதியச் சொல்லுங்கள்.